நாத்தனார் முடிச்சு

கல்யாண மாப்பிள்ளைக்கு உன் அம்மா எழுதுவது. சுகம் விசாரிப்பதை எல்லாம் கடைசியில் வைத்துக்கொள்கிறேன், முதலில் என் கோபம் கொஞ்சம் ஆறட்டும். உன் கடிதம் திங்கட்கிழமை வந்தது. மண்டபம், சமையல், மதுரையிலிருந்து வரப்போகும் உன் பேங்க் நண்பர்கள் என்று எல்லாவற்றையும் அழகாக எழுதிவிட்டு, கடைசிப் பத்தியில் இப்படி எழுதியிருக்கிறாய்: 'அவன் கோயிலுக்குள் கால் வைத்தால் நான் தாலி கட்டமாட்டேன். முடிச்சுப் போடுவதற்குப் பெரியப்பா மகள் லூர்து இருக்கிறாள்.' நான் பள்ளிக்கூடத்தில் இருந்தபோது தபால்காரர் வீட்டில் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். அதனால் உன் அப்பாதான் முதலில் படித்தார். படித்துவிட்டு மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, கொல்லையில் பீன்ஸ் பாத்திக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்துவிட்டார். நான் வந்து கேட்ட பிறகுதான் எடுத்துக் கொடுத்தார். அன்றிலிருந்து இந்த வீட்டில் பாத்திரம் வைக்கிற சத்தம்கூடப் பெரிதாகக் கேட்கிறது.

உனக்குத் தெரியாததில்லை, இருந்தாலும் எழுதுகிறேன். நம் பக்கத்தில் மாப்பிள்ளை முதல் முடிச்சைப் போட்டதும் கையை எடுத்துவிட வேண்டும். மற்ற முடிச்சுகளைப் பெண்ணுக்குப் பின்னால் நிற்கிற நாத்தனார், அதாவது மாப்பிள்ளையின் கூடப்பிறந்தவள், போடுவாள். இந்தப் பெண் இனி எங்கள் வீட்டுப் பெண் என்று அவள் கையால் உறுதி சொல்வது அது. கூடப்பிறந்தவள் இல்லாதவர்கள்தான் பெரியப்பா மகளைத் தேடுவார்கள். உனக்கு ஒருத்தி இருக்கிறாள். உன்னைவிட ஏழு வயது மூத்தவள். நான் பெற்றது எனக்குத் தெரியாதா? நீ எழுதுகிற அந்தப் பழைய பெயரை நான் இந்தக் கடிதத்தில் எழுதப் போவதில்லை. அவள் பெயர் ஸ்டெல்லா. அவளாக வைத்துக்கொண்ட பெயர், எனக்கும் பிடித்துத்தான் இருக்கிறது. முடிச்சுப் போட வர வேண்டாம் என்று லூர்துவிடம் நான் சொல்லியாகிவிட்டது.

உன்னைக் கான்வென்ட் பள்ளிக்கூடத்தில் சேர்த்தபோது ஷூ, சாக்ஸ், கழுத்து டை எல்லாம் கட்டாயம் என்றார்கள். எனக்கோ வெள்ளனே எழுந்து சோறாக்கி, செண்பகனூர்ப் பள்ளிக்கூடத்துக்கு மணி அடிப்பதற்குள் ஓட வேண்டும். உன் அப்பா முதல் பஸ்ஸை ஓட்டப் போயிருப்பார். நீ வாசற்படியில் ராஜா மாதிரி காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாய். உன் கால்மாட்டில் குந்தி லேஸ் கட்டிவிடுவது அவள்தான். பனிக்காலத்தில் விரல் விறைத்துப்போய், வாயால் ஊதி ஊதிக் கட்டுவாள். பத்து வயது வரைக்கும் உனக்கு முடிச்சுப் போட வராது. "ஏலே, ஒருநாளாச்சும் நீயே கட்டிப் பாருலே" என்பாள். நீ காலை இன்னும் கொஞ்சம் நீட்டுவாய். இதை எல்லாம் நீ மறந்திருக்க மாட்டாய் என்றுதான் நினைக்கிறேன், மறந்தது போல இருக்கிறாய்.

அவளுக்கு முதல்முதலாக நற்கருணை கொடுத்த புதுநன்மை நாளன்று நீ கைக்குழந்தை. கோயிலில் பையன்கள் வலது பக்கம், பெண் பிள்ளைகள் இடது பக்கம் வரிசையாக நின்றார்கள். வெள்ளைச் சட்டை, வெள்ளைக் கால்சட்டை போட்டுக் கையில் மெழுகுவர்த்தி கொடுத்து நிறுத்திவிட்டு வந்து பார்க்கிறேன், பெண் பிள்ளைகள் வரிசையில் முக்காட்டுத் தலைகளுக்கு நடுவில் ஒரு கிராப்புத் தலை தெரிகிறது. உபதேசியார் காதைப் பிடித்து இழுத்து மறுபக்கம் விட்டார். கொஞ்ச நேரத்தில் திரும்ப இந்தப் பக்கம் வந்துவிட்டாள். குறும்பு என்று எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். குறும்பு செய்கிற பிள்ளை அப்படி அழாது என்பதை அப்போது யோசிக்கவில்லை. பிறகு வளர வளர ஊர்ப் பையன்கள் ஒரு எண்ணைச் சொல்லி அவளைக் கூப்பிட ஆரம்பித்தார்கள், என்ன எண் என்று உனக்குத் தெரியும். நான் வத்தலக்குண்டு டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போனேன். அவர் நாக்கை நீட்டச் சொல்லிப் பார்த்துவிட்டுச் சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தார். வேளாங்கண்ணிக்கு நேர்ந்துகொண்டு மொட்டை போட்டேன், எனக்கு. இரண்டாலும் ஒன்றும் ஆகவில்லை, அவளிடம் குணமாக வேண்டியது எதுவும் இல்லாததால்.

அந்த ஞாயிற்றுக்கிழமையை நீயும் பார்த்தாய். நீ அப்பாவோடு ஆண்கள் பக்கம் இருந்தாய். பூசையில் பைபிள் வாசகம் படித்துக்கொண்டிருந்தார்கள். என் மாம்பழக் கலர்ச் சேலையைக் கட்டிக்கொண்டு, தலையில் முக்காடு போட்டுக்கொண்டு அவள் பக்கவாசல் வழியாக வந்து பெண்கள் பக்கத்தில் எனக்கு அருகே முழந்தாளிட்டாள். பதினெட்டு வயது. எனக்கு இந்தப் பக்கம் இருந்த பெண்கள் ஒவ்வொருவராக எழுந்து பின்னால் போனார்கள். நான் நகரவில்லை. தைரியம் என்று நினைத்துவிடாதே, கால் எழவில்லை. என் பாட்டுப் புத்தகத்தை அவள் பக்கம் கொஞ்சம் நகர்த்தி வைத்தேன். வாசகம் படிப்பவர் நிறுத்திவிட்டார். கோயில் முழுக்கத் திரும்பி உன் அப்பாவைத்தான் பார்த்தது. அவர் நடுவழியைக் கடந்து வந்தார், அவள் கையைப் பிடித்தார், வெளியே கொண்டுபோனார். அடிக்கவில்லை. "இனி என் வாசல மிதிக்காத" என்று மட்டும் சொன்னார். மறுநாள் பள்ளிக்கூடத்தில் உன்னைப் பையன்கள் சுற்றிக்கொண்டபோது "எனக்கு அண்ணனே கெடையாது" என்று நீ சொன்னதாகக் கேள்விப்பட்டேன். சின்னப்பிள்ளை, பயத்தில் சொன்னாய். அதை நான் உன் கணக்கில் எழுதவில்லை. இப்போது எழுதியிருக்கிறாயே, அதைத்தான் எழுதிக்கொள்கிறேன்.

அவள் நேரே பேக்கரிக்குப் போனாள். தாசனும் பீட்டரும் நடத்துகிற அந்தப் பேக்கரிதான். அதற்குமுன் லீவு நாட்களில் அங்கே பன்னுக்கு மாவு பிசையப் போவாள். அந்த வாரம் முழுக்க அடுப்புக்குப் பின்னால் இருந்த அறையில் வைத்துச் சோறு போட்டது அவர்கள் இரண்டு பேரும்தான். அவளை நீ உன் கடிதத்தில் 'ஆம்பளைங்களோடு அலைகிறவன்' என்று எழுதியிருக்கிறாய். அதே கடிதத்தில் கல்யாண கேக்கைத் தாசனிடமே சொல்லுங்கள் என்றும் எழுதியிருக்கிறாய். ஐயா, தாசனும் பீட்டரும் ஒரே வீட்டில், ஒரே உலையில் எத்தனை வருஷமாக இருக்கிறார்கள்? இரண்டு பேருக்கும் பெண்ஜாதி இல்லை. ஊரே கூட்டாளிகள் என்று சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டது, நீயும் அவர்கள் கையால் பிளம் கேக் தின்று வளர்ந்தாய். நான் அந்த வாரம் பின்வாசல் வழியாகப் போய்த் தாசனிடம் நேராகவே கேட்டேன், என் பிள்ளையும் உங்களைப் போலவா என்று. அவன் கையில் இருந்த மாவைத் தட்டிவிட்டுச் சொன்னான்: "இல்ல டீச்சர். நாங்க ஆம்பளைங்க. ஆம்பளையா இருக்கதுல எங்களுக்கு ஒரு கொறையும் இல்ல. மனசு மட்டும் வேற பக்கம் போயிருச்சு. இது அப்படி இல்ல. இது பொம்பளப்புள்ள. யாரு மேல ஆசங்கிறது இல்ல இங்க சங்கதி, தான் யாருங்கிறதுதான்."

பீட்டர் அதிகம் பேசமாட்டார், உனக்குத் தெரியும். அன்றைக்கு அவர்தான் பேசினார். "எங்க கத வேற, அது கத வேற டீச்சர். ஆனா ஊர்க்காரன் கல்லெடுக்கையில எந்தக் கதன்னு கேட்டுட்டு எறிய மாட்டான். அதான் கூட்டி வச்சிருக்கோம்" என்றார். இதைவிடத் தெளிவாக எனக்கு இதுவரைக்கும் யாரும் சொன்னதில்லை. நீ இரண்டையும் ஒரே கூடையில் போட்டு எழுதியதால் சொல்கிறேன். இவர்கள் வேறு வேறு ஆட்கள். ஒளிந்து வாழ வேண்டியிருப்பது மட்டும் அவர்களுக்குப் பொது. அதிலும் தாசனும் பீட்டரும் சட்டை பேண்ட் போட்டுக்கொண்டு சந்தைக்குப் போய்வரலாம், யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. ஸ்டெல்லாவுக்கு அந்த மறைவும் கிடையாது. தெருவில் இறங்கினாலே தெரிந்துவிடும். அதனால்தான் முதல் கல் எப்போதும் அவள் மேல் விழுகிறது.

வாரக் கடைசியில் அவள் மதுரைக்குப் போவதென்று முடிவாயிற்று. தாசன் காய்கறி லாரியில் ஏற்றிவிடுகிறேன் என்றான். அவள் கேட்கவில்லை. அப்பா ஓட்டுகிற மத்தியான வண்டியில்தான் போவேன் என்று பிடிவாதம் பிடித்தாள். பஸ் ஸ்டாண்டில் நான் நின்றேன். கடைசி சீட்டில் ஜன்னலோரம் உட்கார்ந்தாள். உன் அப்பா ஸ்டியரிங்கைப் பிடித்துவிட்டால் கழுத்தைத் திருப்ப மாட்டார். யார் கூப்பிட்டாலும் கண்ணாடியில்தான் பார்ப்பார், அது அவர் தொழில் கட்டுப்பாடு. பெருமாள் மலை, ஊத்து என்று மலை முழுக்க வளைவுக்கு வளைவு கண்ணாடியில் அவளைப் பார்த்துக்கொண்டே இறங்கியிருக்கிறார். வண்டியில் இருந்தவர்கள் எல்லாம் தெரிந்த முகங்கள். கண்டக்டர் டிக்கெட் கொடுக்கக் கடைசி சீட்டுக்குப் போகவே இல்லையாம்.

அப்பாவின் வண்டி வத்தலக்குண்டோடு மலைக்குத் திரும்பிவிடும். அங்கே நடந்ததை ஸ்டெல்லா எனக்குப் பிறகொருநாள் சொன்னாள். பின்வாசல் வழியாக இறங்கி, டீக்கடைத் தட்டிக்குப் பக்கத்தில் பையோடு நின்றிருக்கிறாள். அப்பா வழக்கமாக அங்கே இறங்கி டீ குடிப்பார். இறங்குவார், ஒருதரம் திரும்பிப் பார்ப்பார், பார்த்தால் அதே வண்டியில் ஏறி வீட்டுக்கு வந்துவிடலாம் என்று மனசுக்குள் முடிவு செய்து வைத்திருந்தாளாம். அவர் சீட்டைவிட்டு எழவில்லை. திரும்பவும் இல்லை. வண்டி புறப்படுகிற நேரம் தாண்டியும் என்ஜினை உறுமவிட்டுக்கொண்டே உட்கார்ந்திருந்தார். "நான் அங்கருந்து போற வரைக்கும் வண்டிய எடுக்க மாட்டாருன்னு தெரிஞ்சுபோச்சும்மா. அவ்வளவு வெறுப்பு. நான் மதுர வண்டியப் பாத்து நடந்துட்டேன்" என்று சொன்னாள். அதை வைத்துக்கொண்டு இத்தனை வருஷம் நான் உன் அப்பாவோடு மனசுக்குள் சண்டை போட்டிருக்கிறேன். அவர் சோறு கேட்டால்கூட எனக்கு எரிச்சல் வரும்.

மதுரையில் அவளை ஒரு வீட்டில் சேர்த்துக்கொண்டார்கள். அவளைப் போன்றவர்கள் சேர்ந்து வாழ்கிற வீடு. பாக்கியம் என்ற மூத்தவள்தான் அங்கே எல்லோருக்கும் அம்மா. புதிதாக வருகிறவளைச் சபையில் உட்கார வைத்து, இவள் இன்னாருக்கு மகள், இன்னாருக்குத் தங்கை என்று முறை சொல்லிச் சேர்ப்பார்கள். சித்தி, பெரியம்மா, பேத்தி எல்லாம் உண்டு. நான் முதல் முறை போனபோது ஸ்டெல்லா அவளை அம்மா என்று கூப்பிட்டதைக் கேட்டு எனக்கு வயிறு எரிந்தது. வாயைவிட்டுச் சொல்லியும்விட்டேன், பெற்றவள் நான் இங்கே நிற்கிறேன் என்று. பாக்கியம் கோபப்படவில்லை. "நீங்க பெத்தீங்க, இல்லேங்கல. வெளிய தள்ளுன புள்ளைக்கு ராத்திரி ஒதுங்க ஒரு எடம் வேணும்ல. நாங்க எல்லாருமே அப்படி வந்தவுகதான், எங்களுக்குள்ள சொந்தம் வச்சுக்கலேன்னா பொணத்தத் தூக்கக்கூட ஆள் கெடையாதுங்க" என்றாள். பிறகு எனக்குக் காப்பி போட்டுக் கொடுத்தாள். அந்த வீட்டுப் பிள்ளைகள் கல்யாண வீடுகளில் சமைக்கிறார்கள், திருவிழாவில் ஆடுகிறார்கள், வேலை இல்லாத நாளில் பஸ் ஸ்டாண்டில் கைதட்டிக் கேட்கிறார்கள். அதைவிடக் கஷ்டமானதும் செய்ய வேண்டியிருக்கிறது, போலீஸ்காரனிடம் அடியும் வாங்குகிறார்கள். நான் எதையும் மூடி எழுதவில்லை. வேறு வேலை கொடுக்கிறவன் யார் என்று நீயே சொல், உன் பேங்கில் கொடுப்பார்களா?

நீ என்னிடம் சொல்லாத ஒன்று எனக்குத் தெரியும். போன வருஷம் மதுரை பஸ் ஸ்டாண்டில் திண்டுக்கல் வண்டியில் நீ உட்கார்ந்திருந்தாய். அவள் முன்வாசல் வழியாக ஏறினாள். உன்னைப் பார்த்தாள். தட்டத் தூக்கிய கையைக் கீழே போட்டுவிட்டு அப்படியே இறங்கிவிட்டாள். அந்த வரிசையில் நின்ற மற்ற வண்டிகளிலும் ஏறாமல் வீட்டுக்குப் போய்விட்டாள். "தம்பியப் பாத்தேம்மா. நல்லாருக்கான். பேண்ட் நல்லாத் தேச்சுப் போட்ருக்கான்" என்று சிரித்துக்கொண்டே சொன்னாள். நீ அவளைப் பார்த்தாயா என்று நான் கேட்டதற்கு, அவன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கிட்டான் என்றாள். அவ்வளவுதான். ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை.

கல்யாணம் நிச்சயமானதும் நான் அவளைக் கூப்பிட்டேன். அவள் வரமாட்டேன் என்றாள். "வேணாம்மா. நான் வந்து நின்னா தம்பி கல்யாணம் நின்னுபோகும். தாலி கட்டி முடிஞ்சதும் ஒரு போட்டோ மட்டும் குடுத்துவிடுங்க" என்றாள். நான் விடவில்லை. கடைசியில், பெண்ணே கூப்பிட்டால் வருகிறேன் என்றாள், எந்தப் பெண் கூப்பிடப் போகிறாள் என்ற நம்பிக்கையில். உன் கடிதம் வந்த மறுநாள் பள்ளிக்கூடத்துக்கு லீவு சொல்லிவிட்டுப் பெரியகுளத்தில் பெண் வீட்டுக்குப் புறப்பட்டேன். நீ இதைப் படித்துப் பதறுவாய், பதறு. ஒரு வார்த்தை தவறினாலும் உன் கல்யாணம் அன்றைக்கே முடிந்திருக்கும் என்பது எனக்குத் தெரியாமல் இல்லை.

உன் மாமனார் நடுவீட்டில் நாற்காலி போட்டு உட்கார வைத்தார். நான் ஒன்றையும் ஒளிக்காமல் சொன்னேன். நீ கட்டப்போகிற ஜெயராணி கதவுக்குப் பின்னால் நிற்பது எனக்குத் தெரியும், அதனால் உரக்கவே சொன்னேன். அவர் காப்பியைத் தொடவில்லை. ஆடை கட்டுகிற வரைக்கும் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். "தெரியாமலே இருந்திருந்தா நல்லாருந்துருக்கும் சம்பந்தி" என்றார். நான் பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன், எழுந்து போகச் சொன்னால் போக வேண்டியதுதான் என்று. அப்போதுதான் ஜெயராணி வெளியே வந்தாள். அப்பாவைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்துக் கேட்டாள்: "அவங்களுக்கு முடிச்சு நல்லாப் போட வருமா அத்தை? எங்க அக்கா கல்யாணத்துல நாத்தனாருக்குக் கை நடுங்கி, பாதிப் பூசையில அவுந்துபோச்சு." எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. "உன் மாப்பிள்ளைக்குப் பத்து வயசு வரைக்கும் ஷூ லேஸ் கட்டிவிட்டதே அவதான்" என்றேன். அவள் சிரித்துவிட்டாள். பத்து வயசு வரைக்குமா என்று கேட்டாள். பிறகு, "வரச் சொல்லுங்க அத்தை. என் கழுத்துதான, நான் கூப்பிட்டேன்னு சொல்லுங்க" என்றாள். உன் மாமனார் ஆறிப்போன காப்பியை எடுத்துக் குடித்தார். பங்குச்சாமியாரிடமும் கேட்டுவிட்டேன். தாலியை மந்திரிப்பது என் வேலை, முடிச்சை யார் போடுவது என்பது உங்கள் வழக்கம், அதில் நான் தலையிட முடியாது என்றார். அவர் முகம் கொஞ்சம் சுளித்ததையும் எழுதிவிடுகிறேன்.

இனி உன் அப்பா. பெரியகுளத்திலிருந்து திரும்பி வந்து எல்லாவற்றையும் அவரிடம் சொன்னேன், சண்டைக்குத் தயாராகவே சொன்னேன். வத்தலக்குண்டில் ஒரு பிள்ளையை என்ஜின் சத்தத்தால் விரட்டினீர்களே என்று, இத்தனை வருஷம் வாய்க்குள் வைத்திருந்ததையும் கொட்டிவிட்டேன். அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். "வெரட்டுனேனா? ஏறட்டும்னுல நிப்பாட்டி வச்சிருந்தேன். நேரமாச்சுன்னு வண்டிக்குள்ள அத்தன பேரும் கத்துறான். டீ குடிக்க எறங்குனா, அந்த நேரம் பாத்து ஏறாம போயிருமோன்னு எறங்கக்கூட இல்ல. கண்ணாடியில பாத்துக்கிட்டே இருந்தேன். அது பாட்டுக்கு நடந்து போயிருச்சு" என்றார். திரும்பிக் கூப்பிட வேண்டியதுதானே என்று கேட்டேன். உன் அப்பா அழுது நான் அன்றைக்குத்தான் பார்த்தேன். ஒருவர் திரும்பட்டும் என்று மற்றவர் காத்திருந்து, இரண்டு பேரும் இப்படிக் கெடுத்துவைத்திருக்கிறார்கள்.

ஆகவே ஏற்பாடு இதுதான். கல்யாணத்துக்கு முந்தின நாள் வெள்ளனே முதல் வண்டியில் அப்பா வத்தலக்குண்டுக்கு இறங்குகிறார். அந்தப் பழைய டீக்கடைப் பக்கம்தான் நிற்பார். நானே போய்க் கூட்டிவருகிறேன் என்றதற்கு, "இது உன் சோலி இல்ல" என்று சொல்லிவிட்டார். ஸ்டெல்லா மதுரையிலிருந்து காலை வண்டியில் வருகிறாள். நீயும் அதே வண்டியில்தான் வருவதாக எழுதியிருக்கிறாய். மாற்றிக்கொள்ள வேண்டும் என்றால் மாற்றிக்கொள். கோயிலில் அவளைப் பார்த்ததும் எழுந்து போக வேண்டும் என்றாலும் போ, நான் அவள் பக்கத்தில்தான் நிற்பேன், போன தடவை மாதிரி கால் எழாததால் அல்ல, தெரிந்தே. ஆனால் நீ போகமாட்டாய் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டவனுக்கு வெட்கம் இருக்கிறது என்று நினைக்கிறேன், வெறுப்பாக இருந்தால் நேராகவே பார்த்திருப்பாய்.

உடம்பைப் பார்த்துக்கொள். இங்கே குளிர் இந்த வருஷம் அதிகம், உன் கம்பளிச் சட்டையை மறக்காமல் எடுத்து வா. அந்த வண்டியில் நீ முன்னால் உட்காருவாய், உனக்குத் தலைசுற்றல் உண்டு. அவள் கடைசி சீட்டில் உட்காருவாள், அவளுக்கு அது பழக்கமாகிவிட்டது. உன்னைக் கூப்பிட மாட்டாள், உன் பக்கத்தில் வரவும் மாட்டாள். நீ ஒருதரம் பின்னால் திரும்பிப் பார். உன் அப்பாவுக்கு அதற்கு இத்தனை வருஷம் பிடித்தது. உனக்கு வத்தலக்குண்டு வருகிற வரைக்கும் நேரம் இருக்கிறது.

அம்மா